ஒரு நாழிகை ஜரிகை

உமாபதிக்கு யாரையும் நம்பத் தெரியாது. பால்காரன் ஊற்றின பாலை விரலால் தொட்டுப் பார்ப்பார். மருந்துக்கடையில் கொடுத்த மாத்திரையை இன்னொரு கடையில் காட்டி, இது அதுதானா என்று கேட்பார். பஸ்ஸில் கண்டக்டர் கிழித்துக் கொடுத்த டிக்கெட்டை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்ப்பார். மூணாங்கிளாஸோடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்ட ஆள், அதில் என்ன பார்த்தார் என்று அவருக்கே தெரியாது. பார்க்காமல் மடியில் வைக்க மனசு வராது, அவ்வளவுதான்.

அப்படிப்பட்ட மனுஷன் ஐப்பசி மாதம் ஒரு காலையில், மடியில் ஒரு தகர டப்பாவைச் செருகிக்கொண்டு, காஞ்சிபுரத்திலிருந்து தாமலுக்குப் போகிற பஸ்ஸில் ஏறினார். இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் திருடன் என்று சொல்லித் தெருவில் நிறுத்தி விரட்டின ஒருத்தனை, தன் பக்கத்தில் வந்து உட்காரச் சொல்லிக் கேட்கப் போகிறார். கேட்கிற வாய் எப்படி வரும் என்பது பஸ் ஊர் எல்லையைத் தாண்டியும் அவருக்குத் தெரியவில்லை.

நாழிநெசவு நெருங்கிவிட்டது. அதுதான் காரணம்.

அறுபதுவீட்டுத் தெருக்காரர்களுக்கு நாழிநெசவைப் பற்றி யாரும் சொல்ல வேண்டாம். மற்றவர்களுக்குச் சொல்லித்தான் ஆக வேண்டும். ஐப்பசி கடைசி வெள்ளிக்கிழமை, தெருக்கோடியில் இருக்கிற நாழியம்மனுக்கு ஒரே நாளில் ஒரு பட்டுப்புடவை நெய்து சார்த்த வேண்டும். சூரியன் எழுந்ததிலிருந்து மறுநாள் எழுகிற வரைக்கும் அறுபது நாழிகை. தெருவில் அறுபது வீடு. வீட்டுக்கு ஒரு நாழிகை. கோயில் முன்னால் பந்தல் போட்டு, குழி வெட்டித் தறி பூட்டி வைத்திருப்பார்கள். முறை வந்த வீட்டுக்காரர் தறியில் உட்கார்ந்து நாலு விரற்கடை நெய்துவிட்டு எழுந்திருப்பார், அடுத்தவர் உட்காருவார்.

அன்றைக்குத் தெருவில் ஒரு கடிகாரம் ஓடக்கூடாது. சுவர்க் கடிகாரத்துக்கு பேட்டரியைக் கழற்றிவிடுவார்கள். செல்போனை எல்லாம் அணைத்து ஒரு பித்தளை அண்டாவில் போட்டு மூடிவிடுவார்கள். நேரம் சொல்வது, தெருவுக்கு நாழிகை பார்க்கிற கலியாணசுந்தரத்தின் செம்பு வட்டில் ஒன்றுதான். வட்டிலின் அடியில் ஊசி நுனி அளவு துளை. தண்ணீர்த் தொட்டியில் மிதக்கவிட்டால் தண்ணீர் மெல்ல உள்ளே ஏறி, சரியாக ஒரு நாழிகையில் முழுகும். முழுகினதும் மணி அடிக்கும்.

இதோடு போனால் இது ஒரு ஊர்த் திருவிழா. ஆனால் அந்தத் தறியில் வேறொன்று உண்டு. தறியில் குறுக்கே ஓடி ஊடு இழையைப் போடுகிற நாடாவுக்குள் வைக்கிற, நூல் சுற்றின சின்னக் குச்சிக்குத் தார் என்று பேர். அந்தத் தறியில் கரைக்கு எந்தத் தாரைப் போடுகிறார்களோ, அந்தத் தாரைச் சுற்றின நாழிகை எழுந்து பந்தலுக்குள் வந்து நிற்கும். சுற்றின கை வரும், கைக்குரிய ஆள் வரும், அன்றைய வெயில் வரும். குரல் மட்டும் வராது. தறியில் இருக்கிறவர்களுக்குத் தவிர வெளியில் நிற்கிறவர்களுக்கு எதுவும் தெரியாது. அம்மனுக்கு ஒரு நாழிகை உழைப்பைக் கொடுத்தால் அம்மன் ஒரு நாழிகை வாழ்வைத் திருப்பித் தருகிறாள் என்பார்கள்.

சும்மா தருவதில்லை. காஞ்சிபுரம் புடவையில் உடல் வேறு, கரை வேறு. இரண்டு நிறமும் வேறு வேறு நாடாவில் ஓடி, சேருகிற இடத்தில் ஒன்றை ஒன்று கோத்துக்கொண்டு திரும்பும். அதுதான் கோர்வை. ஒரு ஆளுக்குக் கை எட்டாது. நெய்கிறவர் இடப்பக்கக் கரையைப் பார்த்துக்கொள்வார். வலப்பக்கக் கரைக்கு இன்னொரு ஆள் பக்கத்தில் உட்கார்ந்து நாடாவைத் தள்ள வேண்டும். நாழிநெசவில் ஒரு கோர்வை தப்பினால் போதும், வந்த நாழிகை அப்படியே மூடிக்கொள்ளும். ஆகவே கண்ணைத் தறியில் வைத்துக்கொண்டு, ஓரக்கண்ணால் பார்த்தது எவ்வளவோ அவ்வளவுதான். இன்னொரு கட்டும் உண்டு. தார் சுற்றின அந்த நாழிகையில் அந்த இடத்தில் இருந்த இரண்டு பேரே தறியில் உட்கார்ந்தால்தான் வந்தவர் முகம் தெரியும். வெளியாள் ஒருத்தர் உட்கார்ந்தாலும் முதுகுதான்.

இதை எல்லாம் கண்கட்டு வித்தை என்று சொல்லிக்கொண்டிருந்தவர்தான் உமாபதி. ஆறு வருஷத்துக்கு முன்னால் அவர் பெண்சாதி இந்திராணி செத்துப்போனாள். அந்த வருஷம், மகள் அகிலா பிடுங்கின பிடுங்கலில், இந்திராணி கட்டின புடவையிலிருந்து இழை உருவித் தார் பிடித்துத் தறியில் உட்கார்ந்தார். அகிலா கோர்வைக்கு உட்கார்ந்தாள். ஏற்கனவே நெய்த இழைக்கு அதை நெய்தவனுடைய நாழிகைதான் வரும் என்று இருவருக்கும் தெரியாது. வந்தது என்னவோ ஆரணியிலோ எங்கேயோ ஒரு தறிக்கொட்டகை. யாரோ ஒருத்தன் முதுகு. ஒரு நாழிகை முழுக்க அவன் முதுகைச் சொறிந்துகொண்டிருந்தான்.

“ஏம்பா, கட்டினவங்களையும் காணோம், சுத்தினவங்களையும் காணோம். எவனோ இல்ல வந்து ஒக்காந்துக்கினு இருக்கான்?” என்று அகிலா அழுதுகொண்டே சிரித்தாள்.

“நான்தான் சொன்னேனே, எல்லாம் பித்தலாட்டம்னு” என்றார் உமாபதி. ஆனால் அது பித்தலாட்டம் இல்லை என்று அன்றைக்குத்தான் அவருக்குத் தெரிந்தது. சொறிகிற முதுகை யாரும் ஜோடித்துக் காட்ட முடியாது.

பிறகு ஐந்து வருஷம் அவர் வீட்டு நாழிகைக்கு அகிலாவும் அவள் வீட்டுக்காரனும் உட்கார்ந்தார்கள். உமாபதி பந்தல் பக்கமே போகவில்லை. இந்த வருஷம் ஆடியில் ஒரு நாள் காலை பல் விளக்கிக்கொண்டிருந்தபோது, இந்திராணியின் முகம் அவர் நினைவுக்கு வரவில்லை. புடவை வந்தது, நடை வந்தது, இருமல் கூட வந்தது. முகம் இருக்க வேண்டிய இடம் துடைத்துவிட்ட மாதிரி இருந்தது. ஓடிப்போய்ச் சுவரில் மாட்டியிருந்த படத்தைப் பார்த்தார். அது ரேஷன் கார்டுக்கு எடுத்த போட்டோவைப் பெரிசு பண்ணினது. கேமராவைப் பார்த்துப் பயந்துபோய் விழிக்கிற யாரோ ஒரு பொம்பளை. இவள் இல்லை. பேஸ்ட் நுரை வாயிலிருந்து சட்டையில் ஒழுகுகிற வரைக்கும் அங்கேயே நின்றார். அகிலாவிடம்கூட இதைச் சொல்லவில்லை.

இந்திராணி தன் கையால் சுற்றின தார் அவரிடம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. நெசவு வீட்டில் எதுவும் தங்காது. ஆயிரம் தார் சுற்றினாள், ஆயிரமும் ஊரார் இடுப்பில் புடவையாய்ப் போய்விட்டது. மிஞ்சின ஒன்று, தகர டப்பாவில் இருந்த ஜரிகைத் தார்.

அந்த ஜரிகைத் தாரைத்தான் கலியன் திருடிவிட்டான் என்று உமாபதி சொன்னது.

கலியன் தாமல்காரன். ஏர் பிடிக்கிற குடும்பம். மழை இல்லாத ஒரு வருஷம் கோர்வைக்கு வந்து சேர்ந்தவன், பதிமூன்று வருஷம் உமாபதி பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தான். கைசுத்தமான வேலை. ஆனால் அவனிடம் ஒரு கெட்ட பழக்கம். கோர்வை போடும்போது தலையைக் குனிந்துகொண்டு தனக்குள் சிரிப்பான். என்னடா என்றால், ஒண்ணும் இல்லண்ணா என்பான். எதையோ மறைக்கிறான் என்று உமாபதி மனசில் அது முள்ளாய்க் கிடந்தது. ஒரு நாள் காலை இந்திராணி சுற்றிக் கொடுத்த ஜரிகைத் தார் மத்தியானம் காணவில்லை. உமாபதி கலியனைத் தெருவுக்கு இழுத்துக்கொண்டு போய், பத்துப் பேர் பார்க்க, “மடியை உதறுடா” என்றார். கலியன் உதறினான். ஒன்றும் விழவில்லை. உதறின வேட்டியை இடுப்பில் சுற்றிக்கொண்டு நடந்து போய்விட்டான்.

இரண்டு மாசம் கழித்து ஆயுத பூஜைக்குத் தறிக்குழியைச் சுத்தம் பண்ணினபோது, காலால் மிதிக்கிற கட்டைக்கு அடியில் மண்ணோடு மண்ணாகத் தார் கிடந்தது. இந்திராணி பக்கத்தில் நின்று பார்த்தாள். “தாமலுக்குப் போயிட்டு வாய்யா” என்றாள். உமாபதி தாரைத் துடைத்து டப்பாவில் போட்டு மூடினார். அவள் இருந்தவரைக்கும் வருஷா வருஷம் ஆயுத பூஜையன்று அதையே சொல்லுவாள். அவர் வருஷா வருஷம் டப்பாவைத் துடைத்து வைப்பார்.

இப்போது அந்த முகம் வேண்டுமென்றால் அந்தத் தார் வேண்டும். அந்தத் தார் சுற்றின நேரத்தில் தறிக்கொட்டகையில் கூட இருந்தவர்களில் உயிரோடு இருக்கிற இன்னொரு ஆள் கலியன் ஒருத்தன்தான்.

தாமல் ஏரிக்கரைக்குக் கீழே, மோட்டார் ரூமுக்கு வெளியே உட்கார்ந்து கலியன் ரப்பர் குழாயின் ஓட்டையைச் சைக்கிள் ட்யூப் துண்டால் இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தான். தலை பஞ்சாய்ப் போயிருந்தது. விரல் மட்டும் அதே விரல்.

“யாருய்யா அது?”

“நான்தான்.”

“நான்தான்னா? பேரு வெக்கலியா?”

“உமாபதி.”

கலியன் நிமிர்ந்து பார்த்தான். எழுந்து நின்றான். லுங்கியை அவிழ்த்து இரண்டு தரம் நன்றாக உதறிக் கட்டிக்கொண்டான். “பாத்துக்கினியா? ஒண்ணும் இல்ல. கெளம்பு.”

உமாபதி அங்கேயே நின்றார். வெயில் மண்டையில் இறங்கியது. வரப்பில் ஒரு கொக்கு அவரையே பார்த்துக்கொண்டு நின்றது.

“கோர்வைக்கு ஒரு ஆள் வேணும்” என்றார்.

“ஏன், காஞ்சிவரத்துல கோர்வைக்காரனுங்க எல்லாம் செத்துட்டானுங்களா?”

“நாழிநெசவுக்கு.”

“நீ அதை நம்ப மாட்டியே. கட்டின துணியையே நம்ப மாட்ட நீ.”

முன்னால் எல்லாம் அண்ணா, நீங்க என்று பேசினவன். நீ என்கிறான். உமாபதிக்கு அதுகூட நியாயமாய்த்தான் பட்டது.

“இந்திராணி மொகம் மறந்துபோச்சுப்பா” என்றார்.

கலியன் கையிலிருந்த ட்யூப் துண்டைச் சுருட்டினான், பிரித்தான், மறுபடி சுருட்டினான். பிறகு, “அண்ணி செத்ததைக்கூட மூணு மாசம் கழிச்சு, பட்டு வாங்க வந்தவன் எவனோ சொல்லித்தான் தெரியும் எனக்கு” என்றான்.

“சொல்லி அனுப்பியிருக்கணும்.”

“அனுப்பலியே.”

“அனுப்பல.”

“எந்த நாழிகை உனக்கு?”

“பத்தொம்பதாவது. மத்தியானம் ஒண்ணே காலு வாக்குல.”

“அண்ணி கையால சுத்தின தாரு ஏதாவது வெச்சிருக்கிறியா?”

“இருக்குது ஒண்ணு.”

“காட்டு.”

டப்பா உமாபதியின் அடிவயிற்றில் அழுத்தியது. “அன்னிக்குப் பாத்துக்கலாம்” என்றார்.

கலியன் அவரை ஏற இறங்கப் பார்த்தான். “அண்ணிக்காக வரேன். எம்மாம் சோறு போட்டிருக்காங்க. உனக்குன்னா இந்தக் குழாயைக்கூடப் புடிக்க மாட்டேன்.”

திரும்பி வருகிற பஸ்ஸில் உமாபதிக்கு ஒரு யோசனை வந்தது. ஜரிகையை வேறொரு குச்சிக்கு மாற்றிச் சுற்றிவிட்டால்? இந்தக் குச்சியைப் பார்த்தால் கலியனுக்குத் தெரிந்துவிடும். தாமல் ஏரிக்கரை நாணலை அவனே வெட்டி, ஒரு நுனியில் கத்தியால் மூன்று கீறல் போட்டுக் கொண்டுவந்து கொடுத்த குச்சி. அவன் கட்டு கட்டாகக் கொண்டுவருவான், இந்திராணி அதில்தான் சுற்றுவாள். வேறு குச்சியில் இருந்தால் ஏதோ பழைய தார் என்று போட்டுவிடுவான். ஆனால் மாற்றிச் சுற்றினால் சுற்றின கை உமாபதியுடையதாகிவிடும். பந்தலில் வந்து நிற்பதும் உமாபதியாகத்தான் இருக்கும். தன் மூஞ்சியை ஒரு நாழிகை பார்க்க அவருக்கு ஆசை இல்லை. வேறு வழியே இல்லாமல் அம்மன் தன்னை மூலையில் மடக்கிவிட்டாள் என்று நினைத்து, பஸ் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவளைக் கெட்ட வார்த்தையில் திட்டினார்.

கடைசி வெள்ளி வந்தது. தெருவில் மாவிலை, நூல் தோரணம், அண்டா நிறையச் செல்போன். அடுத்த தெருவில் கார் ஹாரனும் புடவைக்கடைக்கு ஆள் பிடிக்கிற ஆட்டோக்காரர்கள் சத்தமும் கேட்டது. இந்தத் தெருவில் மட்டும் மணி எத்தனை என்று யாருக்கும் தெரியாது. கலியாணசுந்தரம் தொட்டிப் பக்கத்தில் ஈரத்துண்டோடு உட்கார்ந்திருந்தார்.

“உமாபதிண்ணா, அஞ்சு வருஷமா இந்தப் பக்கமே காணோம். இன்னைக்கு இன்னா, பதினெட்டு முடியறதுக்குள்ள வந்து நிக்கறீங்க?”

“வட்டில் துளை சரியா இருக்குதா? போன வருஷம் சீக்கிரம் முழுகிச்சுன்னு கேள்வி.”

“கேள்விப்பட்டீங்களா? யாரு சொன்னாங்க, உங்களை விட்டா?”

“துளையில அழுக்கு நீக்கினியா, அத்த சொல்லு.”

“ஆமாண்ணா, உங்க நாழிகைக்கின்னு தனியா நீக்கி வெச்சிருக்கேன். போய் ஒக்காருங்க.”

அகிலா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். பிறகு தெரு முனையைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது. வெள்ளை வேட்டியும் இஸ்திரி போட்ட சட்டையுமாகக் கலியன் வந்துகொண்டிருந்தான். அன்றைக்குப் பார்த்த பத்துப் பேரில் நாலு பேராவது இன்றைக்கும் தெருவில் நின்றார்கள். வழி விட்டார்கள்.

மணி அடித்தது. பதினெட்டாவது வீட்டுக்காரர்கள் எழுந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு போனார்கள். உமாபதி குழியில் காலை இறக்கி உட்கார்ந்தார். கலியன் வலப்பக்கப் பலகையில் சம்மணம் போட்டான். கலியாணசுந்தரம் வட்டிலைத் தண்ணீரில் விட்டார்.

“குடு தாரை” என்றான் கலியன். ஜரிகை ஓடுகிற கரை அவன் பக்கத்துக் கரை.

உமாபதி டப்பாவைத் திறந்து, பார்க்காமல் நீட்டினார்.

கலியன் வாங்கினான். கட்டைவிரல் தானாகக் குச்சியின் நுனிக்குப் போய் மூன்று கீறலைத் தடவியது. நின்றது. தொட்டியில் வட்டில் ஒரு சுற்று சுற்றி நிதானத்துக்கு வந்தது.

“எங்க இருந்துச்சு இது?”

“குழியில.”

“எப்ப கெடச்சுது?”

“அந்த வருஷமே. ஆயுத பூஜைக்கு.”

“அந்த வருஷமே” என்றான் கலியன்.

உமாபதி தறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். இவன் எழுந்து போகலாம். தாரைத் தூக்கித் தொட்டியில் எறியலாம். தெருவைக் கூப்பிட்டுக் காட்டலாம். எதைச் செய்தாலும் கேட்க வாய் இல்லை. முகம் மட்டும் போய்விடும்.

வட்டிலில் தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது.

கலியன் தாரை நாடாவுக்குள் செருகினான். இழையின் நுனியை நாடாவின் துளை வழியாக வாயால் உறிஞ்சி எடுத்தான். பழைய ஜரிகை, ஆனால் கறுக்கவில்லை. “மிதி” என்றான்.

உமாபதி மிதித்தார். உடல் நாடா போனது, கரை நாடா வந்தது, கோத்துக்கொண்டு திரும்பியது. தறிப்பலகை இழையை இடித்து இறுக்கியது. இரண்டாவது, மூன்றாவது. நாலாவது இழைக்குப் பந்தலில் வெளிச்சம் மாறியது. ஐப்பசி மேக மூட்டம் போய், ஓட்டுச் சந்து வழியாக விழுகிற ஆவணி வெயில். வலது மூலையில் ராட்டை சுற்றுகிற அசைவு. மஞ்சள் புடவை. நீட்டின கால். கால் விரலில் மெட்டி.

உமாபதியின் கழுத்து இழுத்தது. அவர் கண்ணைத் தறியில் பிடித்து வைத்தார். ஓரக்கண்ணில் மஞ்சள் மட்டும் தெரிந்தது, முகம் தெரியவில்லை. கொஞ்சம் திரும்பினார். இடப்பக்கக் கோர்வையில் விரல் தடுமாறியது. இழை கோக்காமல் நழுவப் பார்த்தது.

“புடி!” என்றான் கலியன்.

பிடித்தார். மூலையில் வெயில் ஒரு தரம் மங்கி, மறுபடி வந்தது.

“இப்படித் திருட்டுத்தனமா பாத்தா கோர்வையும் போவும், அண்ணியும் போவும்” என்றான் கலியன் தாழ்ந்த குரலில். “நிமிந்து பாரு. உன் பக்கத்துக் கரையையும் நான் பாத்துக்கறேன். நான் சொல்லச் சொல்லக் கையைப் போடு.”

“நீ பாக்க வேணாமா?”

“ரெண்டு பேரும் பாத்தா தறியை யாரு பாக்குறது? நிமிருய்யா.”

ஐம்பது வருஷத்தில் உமாபதி நெய்துகொண்டிருக்கும் துணியிலிருந்து கண்ணை எடுத்ததில்லை. எடுத்து யாரிடம் கொடுக்க? இவனிடமா? இருபத்திரண்டு வருஷம் திருடன் பட்டத்தைச் சுமந்துவிட்டு, அரை நாழிகைக்கு முன்னால்கூட இல்லை, இதோ இப்போதுதான் விஷயம் தெரிந்துகொண்டவன். பழி வாங்க அவன் அரிவாள் எடுக்க வேண்டாம். ஒரே ஒரு இழையை விட்டுவிட்டால் போதும். தெரியாமல் விட்டேன் என்று சொன்னால் யார் என்ன கேட்க முடியும்? உமாபதி அவன் இடத்தில் இருந்தால் விட்டிருப்பார். நிச்சயமாக விட்டிருப்பார்.

“வட்டில் பாதி முழுகிடுச்சு” என்றான் கலியன்.

உமாபதி நிமிர்ந்தார்.

“மிதி. போடு. கோத்துக்கோ. இடி. மிதி. போடு.” கலியன் குரல் பக்கத்தில் ஓடிக்கொண்டிருந்தது. கை அந்தக் குரலுக்குப் பின்னால் தானாகப் போனது. கண்ணுக்கு வேலை இல்லை. கண் இந்திராணியைப் பார்த்தது.

இதுதான் முகம். இவ்வளவு நாளாக எங்கே வைத்திருந்தார் இதை? வலது புருவத்தில் முடி இல்லாத சின்ன இடம், சின்ன வயதில் ராட்டைக் கதிர் குத்தினது. மூக்கின் மேல் எண்ணெய். சுற்றும்போது நாக்கு நுனியைக் கடைவாயில் துருத்திக்கொள்வாள், அது. ஜரிகை அவள் விரலில் வெளிச்சமாய் ஓடிக் குச்சியில் ஏறிக்கொண்டிருந்தது. நாற்பது தாண்டின பொம்பளை. அவளுக்குள் ஏதோ விளையாட்டு இருக்கிற மாதிரி உதடு ஒரு பக்கம் ஏறியிருந்தது.

அவள் தறியைப் பார்த்தாள். அதாவது இவரை. பிறகு கலியன் இருக்கிற பக்கம் பார்த்து, இரண்டு புருவத்தையும் சேர்த்து நெறித்து, உதட்டைக் குவித்து முன்னால் நீட்டி, கழுத்தை உள்ளே இழுத்து, மூக்கு விடைக்க ஒரு மூஞ்சி செய்தாள்.

உமாபதிக்குப் புரியக் கொஞ்சம் நேரம் ஆனது. அது அவர் மூஞ்சி. நெய்யும்போது அவர் வைத்துக்கொள்கிற மூஞ்சி.

பதிமூன்று வருஷம் கலியன் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தது இதற்கா?

அவர் தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. சிரிப்பா என்னவென்று அவருக்கே தெரியவில்லை. “மிதி” என்றான் கலியன். “போடு.”

மூலையில் இந்திராணி அந்த மூஞ்சியைக் கலைத்துவிட்டாள். ராட்டை சுற்றுவதை மட்டும் நிறுத்தவில்லை. மறுபடி தறிப் பக்கம் திரும்பி, குனிந்து நெய்துகொண்டிருந்த புருஷனைப் பார்த்தாள். கேலி எல்லாம் இல்லை இப்போது. சும்மா பார்த்தாள். அடுப்பில் வைத்ததைக்கூட மறந்துபோய்ப் பார்க்கிற பார்வை. அன்றைக்கு அவர் அந்தப் பக்கம் நிமிர்ந்திருந்தால் இந்தப் பார்வை எதிரே இருந்திருக்கும். கண்ணைக் கரையில் நட்டு வைத்துக்கொண்டு, எவன் எந்த இழையைத் திருடுவான் என்று காவல் காத்துக்கொண்டிருந்தார். இன்றைக்கு நிமிர்ந்திருந்தார். அவள் கண் நேராக வந்து இவர் கண்ணில் விழுந்தது. அவளுக்கு இவர் தெரிய மாட்டார், அது தெரியும். தெரிந்தும் அவர் கண்ணைச் சிமிட்டவில்லை.

இழை அவள் விரலை விட்டுப் போனது. குச்சி நிறைந்தது. அவள் அதைக் கையில் எடைபோடுகிற மாதிரி குலுக்கிப் பார்த்துவிட்டு, எழுந்திருக்கக் கையை ஊன்றினாள்.

மணி அடித்தது.

மேக மூட்டம். பந்தல் கீற்று. மூலையில் யாரோ வைத்துவிட்டுப் போன தண்ணீர்க் குடம்.

உமாபதி குனிந்து துணியைப் பார்த்தார். பழக்கம் விடாது. நாலு விரற்கடையில், ஆரம்பத்தில் ஒரு இடத்தில் மட்டும் இடப்பக்கக் கோர்வை லேசாக இளகியிருந்தது. அது அவர் பார்த்துக்கொண்டு நெய்தது. அதற்குப் பிறகு, அவர் பார்க்காமல் நெய்தது, ஒரு இழை தப்பவில்லை.

தறியிலிருந்து எழுந்தவர்கள் பந்தலுக்கு வெளியே வந்து மடியை உதற வேண்டும். அம்மன் இழை ஒன்றுகூட வீட்டுக்குப் போகக்கூடாது என்று அங்கே அது ஒரு முறை. எல்லோரும் செய்வதுதான். கலியன் பந்தல் காலுக்குப் பக்கத்தில் வந்து நின்றான். அதே தெரு. முன்னால் நின்றவர்கள் வேறு எங்கோ பார்த்தார்கள். கலியாணசுந்தரம்கூட, “பரவால்லபா, நீ…” என்று இழுத்தார்.

“அவன் உதற வேணாம்” என்றார் உமாபதி. குரல் தெருவுக்கே கேட்டது. “அவன் அன்னிக்கும் எடுக்கல. தாரு என் தறிக்குழியிலதான் கெடந்துது. ரெண்டு மாசத்துல கெடச்சுது. நான் யாருக்கும் சொல்லல. அவனுக்கும் சேத்து நான் உதறுறேன்.” என்று சொல்லி, துண்டை உதறினார், சட்டையை உதறினார், வேட்டி மடியை அவிழ்த்து உதறினார். காலி டப்பா கீழே விழுந்து ‘டங்’ என்று உருண்டது.

“ப்பா, போதும்பா, வேட்டியே அவுந்துடும்” என்றாள் அகிலா.

“நகரு” என்று கலியன் அவரைத் தள்ளிவிட்டுத் தன் மடியைத் தானே உதறினான். காலித் தார்க்குச்சி ஒன்று மண்ணில் விழுந்தது. குனிந்து எடுத்து எல்லாருக்கும் தெரிகிற மாதிரி தூக்கிப் பிடித்தான். “இது என் குச்சி. எங்க ஊரு நாணலு. இத்த எடுத்துக்கினு போறேன். யாராவது கேக்கறீங்களா?”

கூட்டம் விலகி வழி விட்டது.

பஸ் நிற்கிற இடம் வரைக்கும் உமாபதி கூடவே நடந்தார். கலியன் வர வேண்டாம் என்று சொல்லவில்லை. டீக்கடை நிழலில் நின்றார்கள். சில்லறை விசாரணை எல்லாம் தீர்ந்துபோயிற்று. ஏரியில் எவ்வளவு தண்ணீர், மருமகள் எங்கே வேலைக்குப் போகிறாள், இவருக்குக் கண் ஆபரேஷன் எப்போது என்று.

“ஜரிகை சுத்தமா தீந்துபோச்சு இல்ல?” என்றார் உமாபதி.

“ஒரு முழம்கூட மிச்சம் இல்ல.”

இனிமேல் வராது. அடுத்த வருஷமும் வராது. உமாபதி தலையை ஆட்டிக்கொண்டார்.

“நீ ஒரு தரம்கூடப் பாக்கலியா? ஓரக்கண்ணாலகூட?”

“உன் கோர்வையும் என் கோர்வையும் ரெண்டும் என் கண்ணுல. எங்க பாக்குறது?” கலியன் குச்சியை விரலில் உருட்டினான். “எப்படி இருந்தாங்க?”

உமாபதி வாயைத் திறந்தார். மூணாங்கிளாஸ் படித்தவரிடம் அதற்கு வார்த்தை இல்லை. புருவத்தில் இருந்த தழும்பைச் சொன்னார். நாக்கு நுனியைச் சொன்னார். சொன்னதில் ஒன்றும் வரவில்லை. தாமல் வழியாகப் போகிற பஸ் வந்து நின்று, கண்டக்டர் விசில் ஊதினார். கலியன் ஏறவில்லை.

உமாபதி சுற்றும் முற்றும் பார்த்தார். டீக்கடையில் நாலு பேர் இருந்தார்கள். இருந்தால் இருக்கட்டும். இரண்டு புருவத்தையும் சேர்த்து நெறித்தார். உதட்டைக் குவித்து முன்னால் நீட்டினார். கழுத்தை உள்ளே இழுத்து மூக்கை விடைத்துக்கொண்டு, கலியன் பக்கம் திரும்பிக் காட்டினார்.

கலியன் பார்த்தான். தோள் குலுங்கியது. தலையைக் குனிந்துகொண்டு, அந்தக் காலத்தில் சிரித்த மாதிரியே, சத்தம் வராமல், குச்சியைக் கையில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினான்.

“அதேதான்ணா” என்றான், கண்ணைத் துடைத்துக்கொண்டு. “இன்னொரு வாட்டி காட்டு.”